எல்லை பெயர்ந்த மண்: சித்தூர் மாவட்டத்தின் வரலாறும் நிலவியலும்



தமிழ்நாட்டிலிருந்து வருகிற உறவினர்களும் நண்பர்களும் நம்மிடம் தவறாமல் கேட்கும் கேள்வி ஒன்று உண்டு. "நீங்க எந்த ஊர்லேர்ந்து இங்க குடிவந்தீங்க?" என்பார்கள். ரயில்வே வேலைக்கு வந்தவர்கள், கடை வைக்க வந்தவர்கள், ஆசிரியப் பணிக்கு வந்தவர்கள், பெருமாள் கோயில் ஊழியத்துக்கு வந்தவர்கள் என்று நம் சங்கத்தில் பலர் உண்டு. அவர்கள் வேலூர், காஞ்சிபுரம், கும்பகோணம் என்று ஏதோ ஓர் ஊரைச் சொல்லிவிடலாம். ஆனால் நகரி, புத்தூர், சத்தியவேடு, குப்பம் பக்கத்துக் கிராமங்களில் தலைமுறை தலைமுறையாக வாழ்ந்துவரும் தமிழர் எந்த ஊரைச் சொல்வது? நகரிப் பக்கத்தில் வாழ்ந்த என் பாட்டி இந்தக் கேள்விக்குச் சொன்ன பதில் இன்னும் என் காதில் இருக்கிறது. "நாங்க எங்கயும் வரலப்பா. சர்க்கார்தான் வந்து வந்து போச்சு."

பாட்டி பள்ளிக்கூடம் போகாதவர். ஆனால் சித்தூர் மாவட்டத்தின் நூறாண்டு வரலாற்றை இதைவிடச் சுருக்கமாக யாரும் சொல்லிவிட முடியாது. நம்மை எல்லோரும் 'புலம்பெயர்ந்த தமிழர்' என்கிறார்கள். நம்மில் ஒரு பகுதியினர் புலம் பெயரவே இல்லை, எல்லைதான் பெயர்ந்தது. அது எப்படி, எப்போது, எதனால் பெயர்ந்தது என்பதை ஆண்டு வரிசையில் எடுத்துச் சொல்வதே இக்கட்டுரையின் நோக்கம்.

மேடும் பள்ளமும்

வரலாற்றுக்கு முன் நிலத்தைப் பார்த்துவிடுவோம். பழைய சித்தூர் மாவட்டம் இரண்டு தட்டாக அமைந்தது. மேற்கே பலமனேர், குப்பம், புங்கனூர், மதனப்பள்ளி ஆகியவை மைசூர்ப் பீடபூமியின் விளிம்பு. உயரமான இடம், குளிர்ச்சியான காற்று, கேழ்வரகும் நிலக்கடலையும் விளையும் செம்மண். புங்கனூர்க் குட்டை மாடு பிறந்த மண் இதுதான். அங்கிருந்து மொகிலி கணவாய் வழியே இறங்கினால் சித்தூர். மாந்தோப்புகளும், கரும்பும், வெல்லம் காய்ச்சும் கொப்பரைகளும் உள்ள நாடு. இன்னும் கிழக்கே போனால் நகரி மலை, புத்தூர், காளஹஸ்தி, சத்தியவேடு என்று நிலம் தாழ்ந்துகொண்டே போய்க் கடற்கரைச் சமவெளியில் கலக்கிறது. வடக்கே வேலி போட்டது போல நிற்பது சேஷாசலம். அதன் ஒரு முகட்டில்தான் திருவேங்கடம்.

இந்த நிலத்தின் ஆறுகளைக் கவனித்தால் ஒரு செய்தி புலப்படும். சித்தூர் நகரத்தை ஒட்டி ஓடும் நீவா நதி தெற்கே போய்ப் பொன்னையாறு என்ற பெயரில் பாலாற்றில் சேர்கிறது. பாலாறோ கர்நாடகத்தில் நந்தி மலைப் பக்கம் பிறந்து, குப்பம் பகுதியைக் கடந்து தமிழ்நாட்டுக்குள் நுழைகிறது. நகரியாறு கொசஸ்தலையாற்றோடு கூடிப் பூண்டி ஏரிக்குப் போகிறது. அந்த நீர் சென்னைக்குக் குடிநீராகிறது. ஆரணியாறு பிச்சாட்டூர் வழியாக ஊத்துக்கோட்டைக்கும், அங்கிருந்து பழவேற்காட்டுப் பக்கத்துக்கும் போகிறது. பொன்முகலி எனப்படும் சுவர்ணமுகி மட்டும் சந்திரகிரி, திருச்சானூர், காளஹஸ்தி வழியாக நெல்லூர்ப் பக்கம் திரும்பிக் கடலில் விழுகிறது. பிற்காலத்தில் இன்னொரு நீரும் இவற்றோடு சேர்ந்தது. 1983-ஆம் ஆண்டு ஒப்பந்தப்படி வெட்டப்பட்ட கால்வாயில், 1996 முதல் கிருஷ்ணா நீர் கண்டலேறு அணையிலிருந்து ஊத்துக்கோட்டை வழியே பூண்டிக்கு வருகிறது.

ஆக, இந்த மாவட்டத்து மழை பெரும்பாலும் தமிழ்நாட்டு ஏரிகளை நிரப்பப் போகிறது. மலை வடக்கே அடைத்து நிற்கிறது. நீர் தெற்கிலும் கிழக்கிலும் இறங்குகிறது. நீர் போன வழியில் வண்டிப் பாதை போயிற்று. வண்டி போன வழியில் பெண் கொடுத்துப் பெண் எடுத்தார்கள். நகரிக்காரருக்குத் திருத்தணியும், சித்தூர்க்காரருக்கு வேலூரும் பக்கத்து வீடு போல ஆனதற்கு மூல காரணம் இந்த நில அமைப்பே எனலாம்.

வேங்கடமும் தொண்டை நாடும்

தமிழ்கூறும் நல்லுலகத்துக்கு வடக்கே வேங்கடமும் தெற்கே குமரியும் எல்லை என்று தொல்காப்பியப் பாயிரம் வரையறுப்பதை நாம் அனைவரும் அறிவோம். சங்கப் பாடல்களில் வேங்கட மலை நாட்டின் தலைவனாகப் புல்லி என்பவன் பேசப்படுகிறான். வேங்கடத்துக்கு அப்பால் மொழி வேறுபடும் தேயம் என்ற குறிப்பும் அப்பாடல்களில் வருகிறது. அதாவது ஈராயிரம் ஆண்டுகளுக்கு முன்பே இது இரு மொழிகள் சந்திக்கும் இடமாக இருந்தது.

பின்னர் தொண்டை மண்டலத்தின் 24 கோட்டங்களில் ஒன்றாகத் திருவேங்கடக் கோட்டம் விளங்கியது. சித்தூரும் அதன் சுற்றுப்புறமும் வாணர்கள் ஆண்ட பெரும்பாணப்பாடி நாட்டோடு தொடர்புடையவை. ரேணிகுண்டாவுக்குப் பக்கத்தில் உள்ள குடிமல்லம் லிங்கத்தை, இந்தியாவின் மிகப் பழைய சிவலிங்கங்களுள் ஒன்று என்று கலை வரலாற்று அறிஞர்கள் போற்றுவர். அந்த ஊரின் பழைய பெயர் திருவிப்பிரம்பேடு என்று அங்குள்ள கல்வெட்டுகள் சொல்கின்றன. திருச்சானூர் கல்வெட்டுகளில் திருச்சுகனூர். அந்த ஊர்ச் சபையார் கோயில் தர்மங்களை ஏற்று நடத்திய செய்திகள் தமிழில் பொறிக்கப்பட்டுள்ளன. திருமலையில் சாமவை என்ற பல்லவ குலத்து அரசி வெள்ளியால் திருமேனி செய்து கொடுத்து, விழாவுக்கு நிலமும் விட்ட செய்தியும் தமிழ்க் கல்வெட்டே. இன்றைக்கும் போக சீனிவாசர் என்று வழிபடப்படுவது அந்தத் திருமேனிதான்.

சோழர் காலத்துச் செய்தி ஒன்றை இங்கே தனியாகச் சொல்ல வேண்டும். முதலாம் ஆதித்த சோழன் காளஹஸ்திக்கு அருகே தொண்டைமானாற்றூரில் இறந்தான். அங்கே அவன் மகன் முதலாம் பராந்தகன் பள்ளிப்படைக் கோயில் எழுப்பினான். அந்த ஊர் இன்று தொண்டமநாடு, ஆந்திரத்தில் உள்ளது. பராந்தகன் மகன் அரிஞ்சயனுக்கு முதலாம் இராசராசன் எழுப்பிய பள்ளிப்படை மேல்பாடியில் பொன்னையாற்றங்கரையில் உள்ளது. அது தமிழ்நாட்டில் இருக்கிறது. பாட்டனுக்கு ஒரு மாநிலம், பேரனுக்கு ஒரு மாநிலம்! அவர்கள் காலத்தில் இரண்டும் ஒரே நாடு.

திருமலை, திருப்பதி, திருச்சானூர்க் கல்வெட்டுகள் ஆயிரத்துக்கும் மேல். தேவஸ்தானம் 1930-களில் அவற்றைத் தொகுதி தொகுதியாக அச்சிட்டது. அவற்றில் மிகப் பெரும்பாலானவை தமிழில் உள்ளன. தெலுங்கைத் தாய்மொழியாகக் கொண்ட விஜயநகர அதிகாரிகள் கொடுத்த தானங்கள் கூடத் தமிழிலேயே எழுதப்பட்டன. ஏனென்றால் கோயில் கணக்கு தமிழில் நடந்தது.

இதைப் படித்துவிட்டு, 'பார்த்தீர்களா, எல்லாம் நம்முடையது' என்று சிலர் மார்தட்டுவர். அது சரியன்று. அதே திருமலையில்தான் 15-ஆம் நூற்றாண்டில் தாள்ளபாக்க அன்னமாச்சாரியார் ஆயிரக்கணக்கான சங்கீர்த்தனங்களைத் தெலுங்கில் பாடினார். அவை செப்பேடுகளில் பொறிக்கப்பட்டு மலை மேலேயே வைக்கப்பட்டன. கல்லிலே தமிழ், செம்பிலே தெலுங்கு. இரண்டும் ஒரே பெருமாளுக்கு.

சந்திரகிரியிலிருந்து ஆர்க்காடு வரை

1565-இல் தலைக்கோட்டைப் போருக்குப் பின் விஜயநகர அரசு தெற்கே நகர்ந்தது. பெனுகொண்டாவுக்குப் பிறகு சந்திரகிரி தலைநகரமாயிற்று. சென்னை நகரம் உருவாகக் காரணமான 1639-ஆம் ஆண்டு மானியம் சந்திரகிரி அரசர் பெயராலேயே நினைக்கப்படுகிறது. அதை ஆங்கிலேயருக்குக் கொடுத்தவர் தாமர்ல வெங்கடாத்ரி நாயக்கர். அவருடைய தந்தை சென்னப்ப நாயக்கர் பெயரே சென்னப்பட்டினத்துக்கு வைக்கப்பட்டது என்பர். காளஹஸ்தியோடு உறவுடைய தெலுங்குக் குடும்பத்தின் பெயர் தமிழ்நாட்டின் தலைநகரத்தில் நிற்கிறது. எல்லைக் கோட்டின் இரண்டு பக்கத்தாரும் நினைவில் வைக்க வேண்டிய செய்தி இது.

அடுத்து வந்தது ஆர்க்காட்டு நவாபு ஆட்சி. 1740-இல் பாகாலைக்கு அருகில் உள்ள தாமல்செருவுக் கணவாயில் மராட்டியரோடு நடந்த போரில் நவாபு தோஸ்து அலி மாண்டார். 1782 டிசம்பர் 7-ஆம் நாள் ஐதர் அலி தம் கடைசி மூச்சை விட்டதும் சித்தூருக்கு அருகே நரசிங்கராயன்பேட்டைப் பாசறையில்தான். 1801-இல் கர்நாடக நவாபின் நாடு முழுதும் கும்பெனியார் கைக்குப் போயிற்று. அப்போது உருவானதே வட ஆர்க்காடு மாவட்டம். அதன் தலைநகரம் எது தெரியுமா? வேலூர் அன்று, சித்தூர்! நம் ஊர்க் கச்சேரிக்குத்தான் ஆற்காடு, ஆரணி, வந்தவாசிக்காரர்கள் வழக்குக் கட்டைத் தூக்கிக்கொண்டு வந்தார்கள்.

1911: ஒரு மாவட்டம் பிறந்தது

வட ஆர்க்காடு பெரிய மாவட்டம். வடக்கும் மேற்கும் தெலுங்கு, தெற்கும் கிழக்கும் தமிழ் என்று இரு மொழிப் பரப்பு. சரி, நிர்வாக வசதிக்காக அதைப் பிரித்தார்கள். 1911 ஏப்ரல் 1-ஆம் நாள் சித்தூர் மாவட்டம் பிறந்தது. வட ஆர்க்காட்டிலிருந்து சித்தூர், பலமனேர், சந்திரகிரி வட்டங்களும், கார்வேட்டி நகரம், காளஹஸ்தி, புங்கனூர் ஜமீன் பகுதிகளும் வந்தன. கடப்பையிலிருந்து மதனப்பள்ளியும் வாயல்பாடும் சேர்ந்தன. கார்வேட்டி நகர ஜமீனில் அடங்கிய திருத்தணியும் புத்தூரும் சித்தூரோடு வந்துவிட்டன. வேலூர், வட ஆர்க்காட்டின் புதிய தலைநகரம் ஆயிற்று.

அப்போது யாரும் பெரிதாகக் கவலைப்படவில்லை. எந்த மாவட்டமாக இருந்தால் என்ன, எல்லாம் ஒரே சென்னை மாகாணம்தானே என்று இருந்துவிட்டார்கள். கலெக்டர் கச்சேரிக்காகப் போட்ட கோடு, நாற்பது ஆண்டு கழித்து மாநில எல்லையாக மாறும் என்று யார் கண்டார்கள்?

1953-உம் 1960-உம்

பொட்டி ஸ்ரீராமுலு உண்ணா நோன்பிருந்து 1952 டிசம்பர் 15-இல் உயிர் நீத்தார். சில நாட்களிலேயே ஆந்திர மாநிலம் அறிவிக்கப்பட்டது. 1953 அக்டோபர் 1-இல் அது உதயமானபோது சித்தூர் மாவட்டம் முழுவதும் ஆந்திரத்தில் சேர்க்கப்பட்டது. மாவட்டத்தை ஒரே கூறாக எடுத்துக்கொண்டால் தெலுங்கு பேசுவோரே அதிகம்; அது உண்மை. ஆனால் திருத்தணி வட்டத்திலும், புத்தூர், சித்தூர் வட்டங்களின் பல கிராமங்களிலும் தமிழர் பெரும்பான்மையினர், இதுவும் உண்மை. கணக்கை எந்த அலகில் போடுவது என்பதே சண்டையின் மையம்.

தமிழரசுக் கழகத் தலைவர் ம.பொ. சிவஞானமும், மங்கலங்கிழாரும் வடக்கெல்லைப் போராட்டத்தை முன்நின்று நடத்தினர். திருத்தணியும் திருப்பதியும் அப்போராட்டத்தின் முழக்கங்களாயின. இரு மாநில அரசுகளும் பேசி, எச்.வி. படாஸ்கரை நடுவராக ஏற்றன. அவர் எடுத்த அளவுகோல் எளியது. கிராமமே அலகு, அந்தக் கிராமத்தில் எந்த மொழியினர் அதிகம் என்று பார், தொடர்ச்சியான நிலப்பரப்பாக இருக்கிறதா என்றும் பார். இந்தப் 'படாஸ்கர் முறை'யைத்தான் பிற்காலத்தில் பெல்காம் தகராறில் மகாராட்டிரத்தார் எடுத்துக்காட்டி வாதிட்டார்கள். நம் ஊர்ச் சண்டை நாட்டுக்கே ஒரு முன்னுதாரணம் தந்தது எனலாம்.

1959-இல் இயற்றப்பட்ட எல்லை மாற்றச் சட்டம் 1960 ஏப்ரல் 1-இல் நடைமுறைக்கு வந்தது. திருத்தணி வட்டத்தின் பெரும்பகுதியும், புத்தூர், சித்தூர் வட்டங்களின் சில கிராமங்களும் சென்னை மாநிலத்துக்குப் போயின. பதிலுக்குச் செங்கற்பட்டு மாவட்டத்தின் சத்தியவேடு பகுதியும், சேலம் மாவட்டத்தின் சில கிராமங்களும் ஆந்திரத்துக்கு வந்தன. திருப்பதி இருந்த இடத்திலேயே இருந்துவிட்டது.

இந்த மாற்றத்தின் விந்தையை ஒரே மனிதரை வைத்துச் சொல்லிவிடலாம். சர்வபள்ளி இராதாகிருஷ்ணன் 1888 செப்டம்பர் 5-இல் திருத்தணியில் பிறந்தார். அப்போது அது வட ஆர்க்காடு மாவட்டம். திருப்பதியிலும் வேலூரிலும் படித்தார். 1911-இல் அவர் பிறந்த ஊர் சித்தூர் மாவட்டம் ஆயிற்று. 1952-இல் அவர் குடியரசுத் துணைத் தலைவர் ஆனார். அந்தப் பதவியில் இருக்கும்போதே 1953-இல் அவர் ஊர் ஆந்திரத்துக்குப் போயிற்று. 1960-இல் சென்னை மாநிலத்துக்குத் திரும்பிச் செங்கற்பட்டு மாவட்டத்தில் சேர்ந்தது. 1997 முதல் திருவள்ளூர் மாவட்டம். ஊர் ஓர் அங்குலம் நகரவில்லை. தெலுங்குக் குடும்பத்தில் பிறந்த அவரைத் தமிழரும் தெலுங்கரும் 'எங்கள் ஊர்க்காரர்' என்றே சொல்கிறோம். இரண்டு பேர் சொல்வதும் சரிதான்.

வேல்ஸ் நாட்டில் ஒரு சித்தூர்

இப்படி நடந்தது நமக்கு மட்டும்தானா? இல்லை. பிரிட்டனில் வேல்ஸ் நாட்டின் 13 பழைய மாவட்டங்களில் ஒன்று மான்மத்ஷயர். வை என்ற ஆற்றை ஒட்டி இங்கிலாந்தின் விளிம்பில் இருக்கிறது. எட்டாம் ஹென்றி காலத்தில் 1536-ஆம் ஆண்டுச் சட்டத்தால் அந்த மாவட்டம் உருவானது. 1542-இல் வந்த இன்னொரு சட்டம் வேல்ஸ் மாவட்டங்கள் என்று பன்னிரண்டை மட்டும் எண்ணி, இதை விட்டுவிட்டது. அவ்வளவுதான்! மான்மத் வேல்ஸா, இங்கிலாந்தா என்று நானூறு ஆண்டுக்கு மேல் வழக்கு ஓடியது. சட்டப் புத்தகங்களில் 'வேல்ஸும் மான்மத்ஷயரும்' என்று பிரித்தே எழுதினார்கள். அங்கே ஊர்ப் பெயர்கள் வேல்ஷ் மொழியில் இருந்தன. பேச்சு மெல்ல ஆங்கிலமாயிற்று. கடைசியில் 1972-ஆம் ஆண்டுச் சட்டம் 1974 ஏப்ரல் 1-இல் நடைமுறைக்கு வந்தபோது அது வேல்ஸ்தான் என்று முடிவாயிற்று. அதே நாளில் பழைய பெயரும் போய், கிவென்ட் என்ற பெயர் வந்தது. 1996-இல் அதன் ஒரு பகுதிக்குப் பழைய பெயர் திரும்பியது.

ஆட்சியாளர் கோடு போடுவதும் அழிப்பதும் உலக வழக்கம். ஆனால் மான்மத் நமக்கு ஓர் எச்சரிக்கையும் தருகிறது. அங்கே மொழி தேய்ந்தது எல்லை மாறிய நாளில் அன்று. வீட்டுக்குள் பிள்ளைகளோடு பேசுவது குறைந்த நாட்களில்தான்.

இன்றைய நிலை

2022 ஏப்ரல் 4-ஆம் நாள் நம் மாவட்டம் மீண்டும் பிரிந்தது. திருப்பதி தனி மாவட்டம் ஆயிற்று. நெல்லூரின் கூடூர், சூலூர்ப்பேட்டைப் பகுதிகள் அதில் சேர்ந்தன. மதனப்பள்ளிப் பகுதி அன்னமய்யா மாவட்டத்துக்குப் போயிற்று. 1911-இல் ஒட்டவைத்த துண்டுகள் 111 ஆண்டுக்குப் பின் கழன்றன. என் பாட்டி இருந்திருந்தால், "மறுபடியும் சர்க்கார் வந்துட்டுப் போச்சா?" என்று கேட்டிருப்பார்.

மாநில எல்லையை மறுபடி கிளறுவது நம் வேலை அன்று. 1960-லேயே அது முடிந்த கதை. நம் கவலை வேறு. சென்ற ஆண்டு என் பேரனைத் திருச்சானூருக்குப் பக்கத்தில் உள்ள யோகிமல்லவரம் சிவன் கோயிலுக்கு அழைத்துப் போனேன். சுவரில் சோழர் காலத் தமிழ்க் கல்வெட்டு. "தாத்தா, இது என்ன பாஷை?" என்று கேட்டான். வீட்டில் நன்றாகத் தமிழ் பேசும் பிள்ளை அவன். பழைய எழுத்து புரியாதது குற்றமில்லை, பெரியவர்களுக்கே புரியாது. ஆனால் திரும்பி வரும் வழியில், கடைப் பலகையில் இருந்த இன்றைய தமிழையும் அவனால் வாசிக்க முடியவில்லை. தெலுங்கும் ஆங்கிலமும் சரளமாக வாசிக்கிறான். அதில் எனக்கு மகிழ்ச்சியே. மூன்றாவதாக ஒன்று சேர்வதில் யாருக்கும் நட்டம் இல்லை.

நம் அரசியல் சட்டத்தின் 350-அ பிரிவு, மொழிச் சிறுபான்மைக் குழந்தைகளுக்குத் தொடக்கப் பள்ளியில் தாய்மொழிக் கல்வி வசதி செய்ய வேண்டும் என்கிறது. மொழிவாரி மாநிலங்கள் அமைந்த 1956-இல்தான் இப்பிரிவும் சேர்க்கப்பட்டது. நம்மைப் போன்ற எல்லை மக்களை நினைத்துச் செய்த ஏற்பாடு அது. ஆனால் பிள்ளைகளின் பெயரைக் கொடுத்துக் கேட்பவர் இருந்தால்தானே வகுப்பு நடக்கும்? கேட்காத உரிமை ஏட்டிலேயே கிடக்கும்.

ஆகவே சங்கத்தாருக்கு இரண்டு வேண்டுகோள். ஒன்று, ஞாயிறுதோறும் ஒரு மணி நேரம் பிள்ளைகளுக்குத் தமிழ் எழுத்து வகுப்பு நடத்துவோம். அக்கம்பக்கத்துத் தெலுங்குப் பிள்ளைகள் வந்தால் அவர்களையும் உட்கார வைப்போம். இரண்டு, நம் கிராமங்களில் உள்ள ஏரி, மதகு, கழனி, தோப்பு இவற்றுக்குப் பெரியவர்கள் சொல்லும் பெயர்களை ஒரு நோட்டில் எழுதிவைப்போம். அவர்கள் போய்விட்டால் அந்தப் பெயர்களும் போய்விடும். எந்த அரசு ஆவணமும் அவற்றைக் காப்பாற்றாது.

கோடு யார் போட்டாலும் பொன்னையாறு தெற்கேதான் ஓடும். வேங்கடம் இருந்த இடத்தில்தான் இருக்கும். அதன் சுவரில் எழுதியிருப்பதை வாசிக்க நம் வீட்டில் ஒரு பிள்ளையாவது இருக்க வேண்டும் என்பதே என் ஆசை. அடுத்த முறை யாராவது "எந்த ஊர்லேர்ந்து வந்தீங்க?" என்று கேட்டால், இந்த வரலாற்றைச் சிரித்துக்கொண்டே சொல்லுங்கள்.

வாழ்க தமிழ்! வளர்க நம் உறவு!